அச்சில் எடுத்தால் அச்சென்று சொல்லுங்கள்

சுவாமிமலைச் செப்புத் திருமேனி என்றதும் எல்லோரும் சொல்லும் ஒரு கணக்கு உண்டு: ஒரு மெழுகு, ஒரு மண்கூடு, ஒரு திருமேனி. வார்ப்பு முடிந்ததும் மண்கூட்டை உடைத்துவிடுவதால் அதேபோல் இன்னொன்று வராது என்பது அதன் பொருள். கடைக்காரர் இதைச் சொல்லித்தான் விற்கிறார். வாங்கிப் போகிறவரும் தன் வீட்டுக் கூடத்தில் இதையே விருந்தாளியிடம் சொல்கிறார். மண்கூட்டைப் பொறுத்தவரை இது இன்றும் உண்மை. மெழுகைப் பொறுத்தவரை அப்படி அடித்துச் சொல்ல முடியாது. சிறிய உருவங்களுக்கான மெழுகைக் கையால் பிடிக்காமல் நெகிழும் ரப்பர் அச்சில் ஊற்றி எடுப்பது இந்தியக் கலை உலோகத் தொழிலில் பரவிவிட்ட வழக்கம். சிலிக்கோன் ரப்பர் மலிவாகவும் சுலபமாகவும் கிடைக்கத் தொடங்கிய பிறகு அதைத் தடுக்க எந்தப் பட்டறை வாசலிலும் காவல் கிடையாது. இதைக் கேட்டு மரபு அழிந்தது என்று தலையில் கைவைப்பவர்கள் ஒரு பக்கம். இதெல்லாம் தொழில் ரகசியம், வெளியில் பேசாதீர்கள் என்பவர்கள் மறுபக்கம். இரண்டு பேச்சும் ஸ்தபதிகளுக்கு நன்மை செய்யாது. சிலிக்கோன் அச்சு பட்டறைக்குள் வரட்டும். ஆனால் அதில் எடுத்த உருவத்தின் மேலேயே அது அச்சில் எடுத்தது என்று பொறிக்க வேண்டும். சுவாமிமலைத் திருமேனிகளுக்கு உள்ள புவிசார் குறியீட்டுப் பதிவிலேயே இதை ஒரு நிபந்தனையாக்க வேண்டும்.

கைவேலை எந்த இடத்தில் இருக்கிறது என்று பார்த்தால்தான் அச்சு எதைப் பிடுங்குகிறது, எதைத் தொடுவதே இல்லை என்பது விளங்கும். தேன்மெழுகையும் குங்கிலியத்தையும் கடலை எண்ணெயோடு சேர்த்துக் காய்ச்சி வடிகட்டினால் விரலுக்கு வளைந்துகொடுக்கும் மெழுகு கிடைக்கிறது. இப்போது பாரஃபினும் சேர்கிறது. உருவத்தின் உயரத்துக்கு ஒரு தென்னை ஓலை நறுக்கை வெட்டி, தாளக் கணக்குப்படி மடித்து, அந்த மடிப்புகளையே அளவுகோலாக வைத்துக்கொண்டு முகம் இவ்வளவு, மார்பு இவ்வளவு என்று ஸ்தபதி பிரிக்கிறார். தலை, உடல், கைகால்களைத் தனித்தனியாகப் பிடித்து, சூடேற்றிய இரும்புக் கோலால் மூட்டுகளை உருக்கி ஒட்டுகிறார். முடிந்த மெழுகை எடை போட்டு, அதன் எட்டு முதல் பத்து மடங்கு உலோகம் வேண்டும் என்று கணக்கிடுகிறார். அதன்பிறகு மண்ணின் முறை. காவிரி கொண்டுவந்து போட்ட வண்டலை மாவுபோல அரைத்து முதல் பூச்சு. அது நிழலில் காய்ந்தபின் வயல் களிமண்ணும் மணலும் கலந்த பூச்சு. அதற்கும் மேலே பருமணல் கலந்த பூச்சு. பெரிய உருவமானால் இரும்புக் கம்பிக் கட்டு. முதல் பூச்சின் நைசு மட்டும் தப்பினால் பிறகு எத்தனை உளி பிடித்தாலும் முகம் சரியாகாது. வறட்டி அடுக்கிச் சுட்டால் மெழுகு உருகி ஓடிவிடும். அது விட்ட இடத்தில் செம்பும் பித்தளையும் ஈயமும், பேருக்குக் கொஞ்சம் வெள்ளியும் பொன்னும் சேர்ந்த உலோகம் போய் உட்காரும். ஆறிய மண்ணை உடைத்து, அரம் போட்டு, உளியால் நகையும் ஆடை மடிப்பும் செதுக்கி, கடைசியில் கண் திறக்கிறார்கள். இத்தனை படிகளில் சிலிக்கோன் அச்சு நுழைவது ஒரே இடத்தில்தான். மெழுகைப் பிடிக்கும் இடத்தில். மண்ணும் நெருப்பும் உளியும் அப்படியே இருக்கின்றன.

அந்த ஓர் இடத்தில் அது செய்யும் வேலை அசாத்தியமானது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். கெட்டியான உருவத்திலிருந்து கெட்டியான அச்சு எடுத்தால், தூக்கிய திருவடிக்குக் கீழும் மடக்கிய கைக்கு உள்ளேயும் அச்சு மாட்டிக்கொள்ளும். உடைக்காமல் கழற்ற முடியாது. பிளாஸ்டர் அச்சில் இதைத் தவிர்க்கப் பல துண்டுகளாக அச்சைப் பிரிக்க வேண்டும். ஒவ்வொரு சேர்மானத்திலும் மெழுகில் ஒரு கோடு விழும். நெகிழும் அச்சை உருவத்திலிருந்து உரித்தே எடுத்துவிடலாம். முன்பு இதற்கு இயற்கை ரப்பர் பால் பயன்பட்டது. கன்னியாகுமரித் தோட்டங்களில் வடியும் அதே பால்தான். அம்மோனியா கலந்து கெடாமல் வைத்து, உருவத்தின் மேல் தூரிகையால் ஒரு பூச்சு, காய்ந்தபின் அடுத்த பூச்சு என்று பத்துப் பன்னிரண்டு தடவை பூசி, வெளியே பிளாஸ்டர் கவசம் போடுவார்கள். நாட்கணக்கில் ஆகும்; காயக் காயச் சுருங்கும்; சில வருடங்களில் வெயிலிலும் காற்றிலும் பிசுபிசுத்து வெடிக்கும். சிலிக்கோனில் இந்தத் தொல்லைகள் பெரும்பாலும் இல்லை. இரண்டு திரவங்களைக் கலந்து ஊற்றினால் சில மணி நேரத்தில் இறுகிவிடும். சுருக்கம் மிகக் குறைவு, மெழுகு ஒட்டாது, விரல்ரேகைகூட அச்சில் விழும். நல்ல அச்சு ஒன்று பல டஜன் மெழுகுகளுக்குத் தாங்கும்.

சிலிக்கோன் எல்லாவற்றுக்கும் மருந்து என்ற எண்ணமும் இப்போது பரவுகிறது. ரப்பர் பாலையே சிலிக்கோன் அச்சில் ஊற்றி வளையும் முகமூடி, மேடை நகை, பொம்மை எடுக்கலாம் என்று சிலர் முயல்வதுண்டு. எடுக்கலாம்தான், ஆனால் அது பொருந்தாத கூட்டணி. ரப்பர் பால் காய வேண்டுமானால் அதிலுள்ள நீர் வெளியேற வேண்டும். பிளாஸ்டரோ சுட்ட மண்ணோ அந்த நீரை உறிஞ்சிக்கொள்ளும். சுவரோரமாக ஒரு தோல் படிந்ததும் மிச்சப் பாலைக் கவிழ்த்துக் கொட்டிவிடலாம். சிலிக்கோன் ஒரு சொட்டு நீரையும் உறிஞ்சாது. திறந்திருக்கும் பக்கத்தில் மட்டும் பால் தோல் கட்டும். உள்ளே நாள்கணக்கில் ஈரமாகவே கிடக்கும். போதாக்குறைக்கு, ரப்பர் பாலில் செய்த உருவத்தின் மேல் பிளாட்டினம் வகைச் சிலிக்கோனை ஊற்றி அச்சு எடுக்கப் போனால், அதிலுள்ள கந்தகமும் அமீனும் பட்டுச் சிலிக்கோன் இறுகவே மறுக்கும். தஞ்சாவூர்த் தலையாட்டி பொம்மையை ரப்பர் பாலில் வார்த்தால் கீழே விழுந்தாலும் உடையாதே என்ற யோசனைக்கும் இதே கதிதான். அந்தப் பொம்மை சாய்ந்து எழுவதற்குக் காரணம் அதன் அடிப்பாகம் கெட்டியான வளைவாகவும் கனமாகவும் இருப்பது. அடி நெகிழ்ந்து தட்டையானால் பொம்மை உட்கார்ந்துவிடும், ஆடாது. இதையெல்லாம் சொல்லக் காரணம், எந்தப் பொருளுக்கு எந்த அச்சு என்பதே ஒரு தொழிலறிவு என்பதுதான். மெழுகுக்குச் சிலிக்கோன் பொருந்துகிறது. அதனால்தான் அது நிலைக்கப்போகிறது. தடை போட்டு அதை விரட்டிவிடலாம் என்று நினைப்பவர்கள் அதன் வசதியைக் குறைத்து மதிப்பிடுகிறார்கள்.

அச்சு என்றாலே கைவினை கெட்டுவிட்டது என்ற பேச்சு காவிரி டெல்டாவில் எடுபடாது. நாச்சியார்கோவில் குத்துவிளக்கை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு மாதிரியை மண்பெட்டியில் அழுத்தி எடுத்து, அந்தக் குழியில் பித்தளை வார்த்து, கடைசலில் ஏற்றித் தேய்க்கிறார்கள். ஒரே மாதிரியிலிருந்து எத்தனையோ விளக்குகள் பிறக்கின்றன. யாரும் அதைப் போலி விளக்கு என்று சொன்னதில்லை. தஞ்சாவூர்க் கலைத்தட்டில் வெள்ளித் தகடு அச்சின் மேல் வைத்துத் தட்டப்பட்டுத்தான் தெய்வ உருவம் புடைத்து வருகிறது. தலையாட்டி பொம்மையும் அச்சின் பிள்ளைதான். மூன்றும் புவிசார் குறியீடு பெற்றவை. இவற்றை வாங்குகிறவர்களுக்கு இது அச்சுவேலை என்று தெரியும். அச்சுக்குப் பின் வரும் கைவேலைக்கு அவர்கள் பணம் கொடுக்கிறார்கள். சுவாமிமலையின் நிலை வேறு. அங்கே விற்கப்படுவது உலோகமும் உருவமும் மட்டுமல்ல. இதுபோல் இன்னொன்று இல்லை என்ற வாக்குறுதியும் சேர்த்து விற்கப்படுகிறது. விலையில் பெரும்பங்கு அந்த வாக்குறுதிக்குத்தான். அச்சு வந்ததில் தவறில்லை. அச்சு வந்தபிறகும் பழைய வாக்குறுதியையே சொல்லி விற்பதுதான் தவறு.

இதற்கு வணிகத் தரப்பில் சாமர்த்தியமான பதில் ஒன்று இருக்கிறது. அச்சில் எடுத்த மெழுகுக்கும் மண் பூசித்தானே சுடுகிறோம்? மெழுகு உருகித்தானே ஓடுகிறது? மண்கூட்டை உடைத்துத்தானே சிலையை எடுக்கிறோம்? அப்படியானால் மெழுகு வார்ப்பு என்று சொல்வதில் என்ன பொய்? பொய் இல்லை என்பதுதான் இங்கே சிக்கல். கைமெழுகில் ஒரு சோமாஸ்கந்தரைப் பிடிக்க வாரக்கணக்கில் உட்கார்ந்த ஸ்தபதியும், அதே உருவத்தை அச்சிலிருந்து காலையில் நான்கு உரித்தெடுத்தவரும் ஒரே வாசகத்தைச் சொல்லி விற்கலாம். இருவரும் உண்மையே பேசுகிறார்கள். வாங்குகிறவரால் பிரித்தறிய முடியாது. வார்த்தபின் உளி பட்டுப் பளபளத்து நிற்கும் சிலையில் மெழுகு எப்படிப் பிறந்தது என்பதற்குச் சாட்சி ஏதும் மிஞ்சாது. பிரித்தறிய முடியாத வாடிக்கையாளர் இரண்டுக்கும் நடுவில் ஒரு விலை பேசுவார். அந்த விலை அச்சுவேலைக்குக் கொள்ளை லாபம், கைவேலைக்கு நஷ்டம். பழைய கார் சந்தையை வைத்து 1970இல் அமெரிக்கப் பொருளியலாளர் ஜார்ஜ் அக்கர்லாஃப் விளக்கியது இதையேதான்: தரத்தை வாங்குகிறவர் அறிய வழியில்லாத சந்தையில் நல்ல சரக்கு தானாகவே வெளியேறிவிடும். அதற்கு 2001இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. சுவாமிமலையில் வெளியேறப் போவது சரக்கு மட்டுமல்ல. நஷ்டத்துக்கு மெழுகு பிடிக்க எந்த வீட்டுப் பிள்ளையும் அடுத்த தலைமுறையில் உட்காரப் போவதில்லை.

எப்படிச் செய்தோம் என்று எழுதிவைப்பது ஏதோ மேல்நாட்டு நுகர்வோர் சட்டத்திலிருந்து வந்த சங்கதி என்று நினைக்க வேண்டாம். சுவாமிமலையிலிருந்து முப்பது, நாற்பது கிலோமீட்டரில் தஞ்சைப் பெரிய கோயிலின் கல்லிலேயே அது இருக்கிறது. முதலாம் ராஜராஜனும் அவன் குடும்பத்தாரும் அதிகாரிகளும் அந்தக் கோயிலுக்குக் கொடுத்த அறுபதுக்கும் மேற்பட்ட செப்புத் திருமேனிகளைப் பற்றிய கல்வெட்டுகள் ஒரு பதிவேட்டின் துல்லியம் கொண்டவை. கொடுத்தவர் யார், எந்தத் தெய்வம், எத்தனை கை, கோயிலில் வைத்திருந்த முழக்கோலால் அளந்தால் எத்தனை முழம் எத்தனை விரல் உயரம், பீடம் எவ்வளவு, பிரபை எவ்வளவு என்று வரிசையாக வருகிறது. கூடவே, உருவம் கனமாக வார்த்ததா பொள்ளலாக வார்த்ததா என்பதும் வருகிறது. கன வார்ப்புக்கு உலோகம் அதிகம். பொள்ளல் வார்ப்புக்கு உள்ளே மண்கரு வைத்து மேலே மெழுகு பூச வேண்டும், செம்பு மிச்சம். வெளியிலிருந்து பார்க்கும் பக்தனுக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரியும். அதனால்தான் அதைக் கல்லில் எழுதினார்கள். பொள்ளல் என்று எழுதியதால் அந்தத் திருமேனிக்கு மரியாதை குறையவில்லை, பூசையும் குறையவில்லை. கண்ணுக்குத் தெரியாத செய்முறை வேறுபாட்டைக் கண்ணுக்குத் தெரியும்படி பதிந்துவைப்பது சோழநாட்டுக் கணக்கர்களுக்கு 1000 வருடங்களுக்கு முன்பே சாதாரண வேலை.

அச்சை அனுமதித்தால் திருட்டுக்கு வழி திறந்துவிடுவீர்கள் என்றொரு ஆட்சேபம் வரும். இதை எளிதில் தள்ள முடியாது. கோயில் சிலைத் திருட்டு டெல்டாவின் ஆறாத புண். ஆனால் வரலாறு என்ன சொல்கிறது? கும்பகோணத்துக்கு அருகே சிவபுரத்தில் 1951இல் மண்ணுக்கடியிலிருந்து கிடைத்த பத்தாம் நூற்றாண்டு நடராஜர் பழுதுபார்க்கக் கொடுக்கப்பட்டார். கோயிலுக்குத் திரும்பி வந்தது நகல். அசல் கைமாறிப் போனது. 1965இல் பிரிட்டிஷ் மியூசியத்தின் டக்ளஸ் பாரெட் சோழர் படிமங்கள் பற்றிய தம் நூலில் விஷயத்தைப் போட்டுடைக்கும்வரை நகலுக்கே பூசை நடந்தது. 1973இல் அமெரிக்காவின் நார்டன் சைமன் அந்த அசலை ஒன்பது லட்சம் டாலருக்கு வாங்கினார். வழக்கும் பேச்சுவார்த்தையும் நடந்து, 1986இல்தான் அது இந்தியா திரும்பியது. இந்த மோசடிக்குச் சிலிக்கோன் தேவைப்படவில்லை. தேர்ந்த கையும் அளவுகோலும் போதுமானதாக இருந்தன. கோயிலில் நிற்பதை முறையாக அளந்து, படமெடுத்து, பதிந்து வைக்கும் வழக்கம் இல்லாததுதான் திருடனுக்குக் கிடைத்த வரம். புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் பழைய புகைப்படங்கள் பின்னாளில் எத்தனையோ சிலைகளை மீட்க ஆதாரமாக நின்றதை நினைத்துக்கொள்ளலாம். அச்சைத் தடைசெய்வதால் திருட்டு நிற்காது. வார்க்கப்படும் ஒவ்வொரு புதுச் சிலையும் தான் எப்போது, எங்கே, எப்படிப் பிறந்தது என்பதைத் தன் மேலேயே சுமந்தால், அதைப் பழையது என்று சொல்லி விற்பது கடினம். நூறு வருடத்துக்கு மேற்பட்ட கலைப்பொருள் நாட்டைவிட்டுப் போகக்கூடாது என்கிறது 1972ஆம் ஆண்டுச் சட்டம். அதற்காகவே புதுச் சிலை ஏற்றுமதியாகும்போது இது தொல்பொருள் அன்று என்று தொல்லியல் துறையிடம் சான்றிதழ் வாங்க வேண்டியிருக்கிறது. பீடத்தடியில் வருடமும் பட்டறைக் குறியும் இருந்தால் அந்தச் சான்றிதழுக்கும் வேலை சுலபம்.

ஒரு எல்லையை மட்டும் கறாராக வைக்க வேண்டும். கோயிலிலோ அருங்காட்சியகத்திலோ இருக்கும் பழைய திருமேனியிலிருந்து நேராகச் சிலிக்கோன் அச்சு எடுக்கக்கூடாது. சிலிக்கோன் இறுகும்போது எண்ணெய்க் கசிவு விடும். நூற்றாண்டுகளாகப் படிந்த பச்சைப்படலத்தின் தளர்ந்த பகுதியைப் பெயர்த்துக்கொண்டு வரும். தஞ்சை அரண்மனைக் கலைக்கூடத்தில் நிற்கும் திருவெண்காட்டு ரிஷபவாகன தேவர் 1011ஆம் ஆண்டைச் சேர்ந்தவர். அவர் சாய்ந்து நிற்கும் அந்த ஒயிலை மறுபடி எடுக்க வேண்டுமானால் ஒளிக்கதிர் ஸ்கேன் இருக்கிறது, தொடாமலே அளக்கலாம். அச்சுக்கு மூல உருவம் உயிரோடிருக்கும் ஸ்தபதியின் புதுக் கைவேலையாக இருக்கட்டும்.

அதிலும் யாருடைய கைவேலை என்ற கேள்வி இருக்கிறது. ஒருவர் மாதக்கணக்கில் உழைத்த உருவத்தைக் கடையில் வாங்கி, அதன்மேல் சிலிக்கோன் ஊற்றி, அடுத்த மாதமே பாதி விலைக்கு விற்க இன்றைக்குத் தடையேதும் கண்ணில் படுவதில்லை. சட்டம் இல்லாமலில்லை. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் சிற்பம் கலைப்படைப்பு. அதன் வரையறைக்குள் வார்ப்புகளும் மாதிரிகளும் சேர்த்தே சொல்லப்பட்டிருக்கின்றன. பதிவு கட்டாயமில்லை, படைத்தவர் ஆயுளும் அதற்குப்பின் 60 ஆண்டும் உரிமை உண்டு. ஆனால் நடராஜர் எல்லோருக்கும் பொது, தாளக் கணக்கு சாத்திரம் தந்தது, இதில் உன் படைப்பு எங்கே என்று எதிர்த்தரப்பு கேட்டால் ஸ்தபதியிடம் காட்ட ஒன்றும் இருக்காது. குறியும் எண்ணும் பொறித்த மூலம் இருந்தால் காட்ட ஏதாவது இருக்கும். இங்கே உலோகமே ஒரு சிறு உதவியும் செய்கிறது. செம்புக் கலவை உறையும்போதும் ஆறும்போதும் நூற்றுக்கு ஒன்றரை முதல் இரண்டு பங்கு சுருங்கும். முப்பது சென்டிமீட்டர் உயர உருவத்திலிருந்து அச்சு எடுத்து வார்த்த நகல் கிட்டத்தட்ட அரை சென்டிமீட்டர் குட்டையாக நிற்கும். அந்த நகலிலிருந்து இன்னொரு நகல் எடுத்தால் ஒரு சென்டிமீட்டர். உதட்டோரமும் விரலிடுக்கும் ஒவ்வொரு தலைமுறையிலும் மழுங்கும். மூல அளவு பதிவில் இருந்தால் திருட்டு நகலை அடிக்கோலே காட்டிக்கொடுத்துவிடும்.

ஆகமம் என்னாவது என்று கேட்பவர்களுக்கு என் பதில் சுருக்கமானது. பிரதிஷ்டைக்குரிய திருமேனியை அந்தக் கோயிலுக்கும் மூலவருக்கும் பொருந்தும் அளவில் தனியாகக் கணித்துச் செய்கிறார்கள். அங்கே அச்சுக்கு வேலையே இல்லை. ஒரே ஒரு உருவத்துக்காக அச்சு தயாரிப்பது கூடுதல் செலவுதான். 2023இல் டெல்லி பாரத மண்டபத்தின் முன் நிறுத்த 27 அடி உயரத்தில், 18 டன் எடையில் நடராஜரை வார்த்துக் கொடுத்தவர்களும் சுவாமிமலை ஸ்தபதிகள்தான். அதுவும் பழைய மெழுகு வார்ப்பு முறையில். பெரிய வேலையிலும் வழிபாட்டு வேலையிலும் கைமெழுகு தன் இடத்தைத் தானே காப்பாற்றிக்கொள்ளும். அச்சு போட்டியிடுவது மேசைமேல் வைக்கும் ஆறங்குலப் பிள்ளையாரோடும் பரிசுக்கடை நடராஜரோடும். அந்தச் சந்தையில் ஏற்கெனவே வட இந்திய மணல்வார்ப்புப் பித்தளை வந்து குவிந்து கிடக்கிறது. அதோடு விலையில் மோத நம் பட்டறைகளுக்கும் ஒரு கருவி வேண்டும்.

என்னால் முழுதாகப் பதில் சொல்ல முடியாத ஆட்சேபம் ஒன்றுதான். பட்டறைக்கு வரும் பையன் எதில் கை பழகுகிறான்? சின்னச் சின்ன மெழுகு வேலையில்தான். விரல் பிடிப்பான், தாமரை இதழ் உருட்டுவான், ஆறங்குலப் பிள்ளையாரில் பத்துத் தடவை தும்பிக்கையைக் கெடுத்துப் பதினொன்றாம் தடவை சரிசெய்வான். அச்சு பிடுங்கிக்கொள்வது சரியாக அந்த வேலையைத்தான். சின்ன வேலை போய்விட்டால் பெரிய வேலைக்குக் கை எங்கிருந்து வரும்? அச்சில் மிச்சமாகும் நேரத்தைப் பயிற்சிக்குத் தரலாம் என்று சொல்வது காகிதத்தில் நன்றாக இருக்கும். மிச்சமாகும் நேரத்தில் பட்டறை இன்னும் நான்கு மெழுகு உரிக்கும், அதுதான் நடக்கும். இதற்கு ஓரளவு பரிகாரம் விலையில்தான் இருக்கிறது. கைமெழுகு என்ற முத்திரைக்குத் தனி விலை கிடைத்தால், அந்த விலைக்காகவாவது சின்ன உருவங்களிலும் சிலர் கைமெழுகைத் தொடர்வார்கள். பையனுக்கு உட்கார ஓர் இடம் இருக்கும். இன்று இரண்டும் ஒரே விலையில் கலந்து கிடக்கும்போது அந்த இடம்கூட இல்லை. அரசும் சும்மா இருக்க வேண்டியதில்லை. பூம்புகார் என்ற பெயரில் நாம் அறிந்த தமிழ்நாடு கைத்திறத் தொழில்கள் வளர்ச்சிக் கழகம் 1973இலிருந்து இருக்கிறது. அரசின் பரிசுப்பொருள் கொள்முதலில் ஒரு பங்கைக் கைமெழுகுக்கென்று ஒதுக்கினால் பயிற்சிக்கு அதைவிட நல்ல மானியம் வேறில்லை.

முத்திரையெல்லாம் யார் சரிபார்ப்பது, ஏட்டுச் சுரைக்காய் என்று சிரிக்கலாம். பிரான்சில் சிரிக்கவில்லை. 1917இல் இறந்த சிற்பி ரோதேன் தம் படைப்புகளின் உரிமையை அரசுக்கு எழுதிவைத்ததால், அவருடைய மூல மாதிரிகளிலிருந்து இன்றும் வெண்கலம் வார்க்கிறார்கள். ஆனால் ஒரு உருவத்துக்குப் பன்னிரண்டு வார்ப்புவரைதான் அசல்: எண்ணிட்டவை எட்டு, கலைஞர் பிரதி நான்கு. அதற்குமேல் எடுப்பவற்றிலும், வார்ப்பிலிருந்து எடுத்த நகல்களிலும் மறுபிரதி என்று அழியாதபடி பொறிக்க வேண்டும் என்கிறது 1981ஆம் ஆண்டு ஆணை. இதனால் ரோதேனின் பெயர் குறையவில்லை.  நம்மூரிலும் பழக்கமில்லாத காரியமல்ல. 2023 ஏப்ரல் முதல் ஆறெழுத்து அடையாள எண் இல்லாமல் ஹால்மார்க் நகை விற்கக்கூடாது. கும்பகோணம் கடைத்தெருவில் அரைப் பவுன் மோதிரத்துக்கும் அது வந்துவிட்டது. திருபுவனத்துப் பட்டு வாங்கப் போகும் யாரும் இது கைத்தறியா விசைத்தறியா என்று கேட்காமல் காசை எடுப்பதில்லை. விசைத்தறி நெசவாளியை யாரும் திருடன் என்று சொன்னதும் இல்லை. கைத்தறி என்று சொல்லி விசைத்தறியை விற்பவனைத்தான் சொல்கிறோம். புவிசார் குறியீடு என்பது சும்மா ஒட்டும் சீட்டு இல்லை. 2020ஆம் ஆண்டுப் பொம்மைத் தரக்கட்டுப்பாட்டு ஆணை ஐ.எஸ்.ஐ. முத்திரையைக் கட்டாயமாக்கியபோது, புவிசார் குறியீட்டின் அங்கீகரிக்கப்பட்ட பயனர்களுக்கும் பதிவுபெற்ற கைவினைஞர்களுக்கும் விலக்கு கொடுத்தது. அந்தப் பெயரை நம்பி அரசு சலுகை கொடுக்கிறது, வாங்குகிறவர் பணம் கொடுக்கிறார். பதிலுக்கு இரண்டு சொல் பொறிப்பது பெரிய பாரமில்லை.

செய்ய வேண்டியது இவ்வளவுதான். புவிசார் குறியீட்டின் கீழ் விற்கும் ஒவ்வொரு சுவாமிமலைத் திருமேனியின் பீடத்தடியிலும் பட்டறைக் குறி, வருடம், கைமெழுகா அச்சுமெழுகா என்ற ஒரு சொல். அச்சுமெழுகானால் மூலத்தைச் செய்த ஸ்தபதியின் குறியும், இது எத்தனையாவது வார்ப்பு என்ற எண்ணும். கணினியில் வரைந்து இயந்திரம் அச்சிட்டுத் தரும் மெழுகும் வரத் தொடங்கிவிட்டது. அதையும் அச்சுமெழுகு என்ற பெயரிலேயே அடக்கிவிடலாம், இல்லாவிட்டால் நாளைக்கு நான் அச்சே வைக்கவில்லை என்று ஒருவர் வாதாடுவார். அச்சு மூலங்களின் உயரமும் எடையும் படமும் ஸ்தபதிகளின் பொதுப் பதிவேடு ஒன்றில் இருக்க வேண்டும். அதைத் துறை அதிகாரி வைத்துக்கொள்வதைவிட ஸ்தபதிகளே வைத்துக்கொள்வது நல்லது, ஏனென்றால் யார் கை எது என்று கண்டுபிடிக்கத் தெரிந்தவர்கள் அவர்கள் மட்டும்தான். பொய் முத்திரை குத்தினால் 1999ஆம் ஆண்டுப் புவிசார் குறியீட்டுச் சட்டத்தின்படி அங்கீகரிக்கப்பட்ட பயனர் பட்டியலிலிருந்து பெயரை நீக்கக் கோரலாம். அதை ஒரு தடவை உண்மையிலேயே செய்து காட்டினால் போதும். பொறிப்பதற்குத் தனி இயந்திரம் எதுவும் தேவையில்லை. மண் பூசுவதற்கு முன், மெழுகு இன்னும் இளகலாக இருக்கும்போதே பீடத்தின் அடியில் ஒரு ஆணி முனையால் கீறிவிட்டால், உலோகத்தில் அது தானாகவே வந்து நிற்கும்.